குமரி மாவட்டத் தூத்தூர் கரையில் இங்கிலாந்து கால்பந்து வர்ணனை கேட்க

முதலில் நேரம். இங்கிலாந்தில் சனிக்கிழமை மதியம் 3 மணி ஆட்டம் நமக்குக் குளிர்காலத்தில் இரவு 8.30, கோடையில் 7.30. மார்ச் கடைசி ஞாயிறு அங்கே கடிகாரத்தை மாற்றுவார்கள். மறந்தால் முதல் பாதி போச்சு.

பிபிசி ரேடியோ 5 லைவ் பல ஆட்டங்களை உரிமச் சிக்கலால் வெளிநாட்டுக்கு இணையத்தில் தருவதில்லை. அதோடு மல்லுக்கட்ட வேண்டாம். கிளப்பின் சொந்த ஆப்பில் ஒலி வர்ணனை இருக்கிறதா பாருங்கள். சிலவற்றுக்குக் கட்டணம் உண்டு.

64 கேபிபிஎஸ் ஒலிக்கு மணிக்குச் சுமார் 29 எம்பி, முழு ஆட்டத்துக்கு 60 எம்பி போதும். வீடியோ திணறும் சிக்னலிலும் ஓடும். திரை அணைந்ததும் சத்தம் நின்றால் பேட்டரி சேமிப்புதான் காரணம்: ஆண்ட்ராய்டு போனில் ஆப்பை நீள அழுத்தி, ஆப் இன்ஃபோ, பேட்டரி, 'அன்ரெஸ்ட்ரிக்டட்'.

இணைய ஒலி, நடக்கும் ஆட்டத்துக்குக் கொஞ்சம் பிந்தித்தான் வரும். கோல் செய்தி முந்திவிடலாம். வாட்ஸாப் குழுவை மியூட் செய்யுங்கள், கோலை வர்ணனையாளர் வாயால் கேட்பதே சுகம்.

ரேடியோ என்றால், போனில் எஃப்எம்முக்கு வயர் ஹெட்செட் கட்டாயம். அந்த வயர்தான் ஏரியல். மீடியம் வேவுக்கு (ஏஎம்) ரேடியோ பெட்டியின் ஏரியலை இழுத்துப் பயனில்லை. உள்ளே இருக்கும் ஃபெரைட் கம்பிதான் அலையைப் பிடிக்கிறது, பெட்டியையே மெல்லத் திருப்புங்கள். எல்இடி பல்பையும் சார்ஜரையும் அணைத்தால் இரைச்சல் குறையும்.