நாலு சீரியல் செட்டை ஒரே பிளக்கில் சேர்ப்பது எப்படி?

ஒரு செட்டின் வாலை வெட்டி அடுத்த செட்டோடு முறுக்கிவிடுவதுதான் வழக்கமாக நடக்கும் தவறு. சீரியல் செட்டுக்குள் பல்புகள் வரிசையாக நின்று 230 வோல்ட்டைப் பங்கிட்டுக்கொள்கின்றன. இரண்டு செட்டை வரிசையில் கோத்தால் ஆளுக்குப் பாதிதான் கிடைக்கும். மங்கும், அல்லது எரியவே எரியாது. பேர்தான் சீரியல், செட்டோடு செட்டைச் சேர்ப்பது பேரலலில்தான், அதாவது ஒவ்வொரு செட்டுக்கும் முழு 230 வோல்ட் கிடைக்கும்படி.

அடாப்டரோடு வரும் செட்டை வெட்டவே வேண்டாம். எக்ஸ்டென்ஷன் பாக்ஸில் தனித்தனியாகச் செருகுங்கள். மற்றதற்கு 1 சதுர மி.மீ. இரட்டை ஒயர், 6 ஆம்பியர் பிளக், ஸ்ட்ரிப் கனெக்டர் (ஒயர்களை ஸ்க்ரூவால் இறுக்கிச் சேர்க்கும் துண்டு), மூடியுள்ள பிளாஸ்டிக் டப்பா போதும். 10 வாட் செட் நாலு என்றால் மொத்தம் 40 வாட், 0.2 ஆம்பியர்கூட வராது.

1. பிளக்கை உருவிவிட்டு வேலையைத் தொடங்குங்கள். சுவிட்சை மட்டும் அணைத்தால் போதாது; சுவிட்ச் நியூட்ரலில் (மின்சாரம் திரும்பும் ஒயரில்) மாட்டியிருந்தால் செட்டின் ஒயரில் பேஸ், அதாவது ஷாக் அடிக்கும் மின்சாரம், அப்படியே நிற்கும்.

2. ஒவ்வொரு செட்டையும் தனியாக எரியவிட்டுப் பாருங்கள்; பார்த்ததும் பிளக்கை உருவிவிடுங்கள்.

3. கன்ட்ரோலர் டப்பாவுக்கும் பிளக்குக்கும் நடுவில் வெட்டுங்கள். டப்பாவைத் தாண்டி வெட்டி அங்கே இன்னொரு கன்ட்ரோலர் செட்டைச் சேர்த்தால் அது கெட்டுப்போகும்.

4. முனையில் 8 மி.மீ. தோலுரித்து, இழைகளை முறுக்கி, ஒவ்வொரு செட்டின் ஒரு ஒயரை கனெக்டரின் முதல் துளையிலும் மற்றொன்றை அடுத்த துளையிலும் இறுக்குங்கள். நாலு ஒயரும் அடங்காவிட்டால் பெரிய கனெக்டர் வாங்குங்கள். இழைகளைக் கத்தரித்து நுழைக்காதீர்கள். எதிர்ப்பக்கத்தில் இரட்டை ஒயரை, துளைக்கு ஒன்றாக மாட்டுங்கள்; அதன் மறுமுனையில் பிளக்கை மாட்டுங்கள். இரட்டை ஒயரின் இரண்டு ஒயரும் ஒரே துளையில் சேர்ந்தால் ஷார்ட்.

வெறும் இன்சுலேஷன் டேப்பை நம்ப வேண்டாம். பகல் வெயிலில் பசை இளகி, டேப்பின் ஓரம் மெல்லத் தூக்கிக்கொள்ளும். கார்த்திகை மழையில் அந்த இடுக்கு வழியாகத்தான் தண்ணீர் இறங்கும்.

5. கனெக்டரை பிளாஸ்டிக் டப்பாவுக்குள் வைத்து, டப்பாவை மழை படாத இடத்தில் கட்டி, ஒயர்களைக் கீழிருந்து மேலாக நுழைத்துவிடுங்கள். ஒயரில் வழியும் நீர் கீழேயே சொட்டிவிடும்.

6. இரும்பு கிரில்லில் ஒயரை இறுக்கிச் சுற்றாதீர்கள். ஜன்னல் கதவில் நசுங்கித் தோல் கிழிந்தால் கிரில் முழுக்க மின்சாரம் பாயும். நைலான் டையால் தளர்வாகக் கட்டுங்கள். 30 மில்லி ஆம்பியர் ஆர்.சி.சி.பி. (கசிவு வந்தால் மின்சாரத்தைத் தானே துண்டிக்கும் சுவிட்ச்) உள்ள லைனில் மட்டும் செருகுங்கள். அது விழுந்தால் எங்கோ கசிவு இருக்கிறது. திரும்பத் திரும்பத் தூக்கிவிடாமல் செட்டுகளை ஒவ்வொன்றாகக் கழற்றித் தேடுங்கள்.

அரை மணி நேரம் எரியவிட்டு, பிளக்கை உருவி, டப்பாவைத் திறந்து கனெக்டரைத் தொட்டுப் பாருங்கள். சூடு தெரிந்தால் ஸ்க்ரூ தளர்ந்திருக்கிறது, மறுபடி இறுக்குங்கள்.