கொத்துத் தலைவலிக்கு ஆக்சிஜன்: "எனக்குக் கேக்கல" என்று முடிவுகட்டும் முன்

கொத்துத் தலைவலிக்காரர்களில் பெரும்பாலானோர் பல வருடம் அலைந்த பிறகுதான் தங்கள் நோயின் பெயரையே கேள்விப்படுகிறார்கள். சைனஸ் என்று சொல்லி ஆவி பிடித்திருப்பார்கள். பல்தான் காரணம் என்று நல்ல கடைவாய்ப்பல்லைப் பிடுங்கியிருப்பார்கள். மைக்ரேன் மாத்திரை பட்டை பட்டையாகத் தீர்ந்திருக்கும். கடைசியில் ஒரு நரம்பியல் மருத்துவர் நாலு கேள்வி கேட்டுவிட்டு "இது கிளஸ்டர்", அதாவது கொத்துத் தலைவலி, என்பார். எப்போதும் ஒரே பக்கம், கண்ணுக்குப் பின்னால் வலி, அந்தக் கண் சிவந்து நீர் கொட்டும், அந்தப் பக்க மூக்கு அடைக்கும், இமை தொங்கும். 15 நிமிடத்தில் விடலாம், 3 மணி நேரமும் இழுக்கலாம். அந்த நேரத்தில் படுக்க முடியாது, உட்கார முடியாது, நடந்துகொண்டே இருக்கத்தான் தோன்றும்.

வந்த அட்டாக்கை நிறுத்த முக்கியமாக இரண்டு வழி உண்டு. ஒன்று சுமட்ரிப்டான் ஊசி, இன்னொன்று ஆக்சிஜன். ஊசியை 24 மணி நேரத்தில் இரண்டு தடவைக்கு மேல் போடக்கூடாது. இதய நோய் இருப்பவர்களுக்கு அது ஆகவே ஆகாது. ஆக்சிஜனுக்கு அப்படி ஒரு வரம்பு இல்லை. ஒரு நாளில் எட்டு அட்டாக் வந்தால் எட்டுக்கும் போடலாம்.

இவ்வளவு நல்ல மருந்தைப் புதியவர்கள் வீணாக்குவதைப் பார்த்துக்கொண்டே இருக்கிறேன். நான் அந்தக் காலத்தில் சறுக்கிய அதே இடங்களில்தான் அவர்களும் சறுக்குகிறார்கள். வால்வைத் திறக்க மறப்பது, டியூப் மடங்கிக் கிடப்பது போன்றவற்றை எழுதப்போவதில்லை. அவை ஒரு ராத்திரியில் தானே சரியாகிவிடும்.

## குறைந்த ஃப்ளோவில் போட்டுவிட்டுக் "கேட்கவில்லை" என்பது

மற்ற எதையும் படிக்காவிட்டாலும் இதை மட்டுமாவது படியுங்கள்.

திருப்பூர் பக்கம் பனியன் கம்பெனியில் வேலை பார்க்கும் ஒரு தம்பி. நடுராத்திரி அட்டாக் வந்து, பக்கத்தில் இருந்த தனியார் ஆஸ்பத்திரி கேஷுவாலிட்டிக்கு ஓடியிருக்கிறார். சிஸ்டர் விரலில் ஆக்சிமீட்டரை மாட்டினார். ரத்தத்தில் ஆக்சிஜன் அளவு, அதாவது சாச்சுரேஷன், 98 சதவீதம் காட்டியது. "சாச்சுரேஷன் நல்லாத்தானே இருக்கு, உங்களுக்கு எதுக்கு ஆக்சிஜன்?" என்று டியூட்டி டாக்டர் கேட்டார். தம்பி கெஞ்சிக் கூத்தாடிய பிறகு மூக்கில் குழாயை மாட்டி நிமிடத்துக்கு 2 லிட்டர் ஃப்ளோவில் வைத்தார்கள். அரை மணி நேரம் கழித்தும் வலி அப்படியே இருந்தது. அடுத்ததாக, கொரோனா சமயத்தில் சொந்தக்காரர் வாங்கிப் பரணில் போட்டிருந்த 5 லிட்டர் கான்சென்ட்ரேட்டரை (அறைக்காற்றிலிருந்து ஆக்சிஜனைப் பிரித்துத் தரும் மெஷின்) இறக்கி முயன்றிருக்கிறார். அதிலும் ஒன்றும் நடக்கவில்லை. அப்புறம்தான் எனக்குப் போன் போட்டார். "அண்ணே, எல்லாருக்கும் கேக்குதுங்கறாங்க, எனக்கு ஆக்சிஜன் கேக்கலண்ணே."

அவருக்கு யாரும் ஆக்சிஜனே கொடுக்கவில்லை என்பதுதான் உண்மை. கொடுத்ததெல்லாம் கொஞ்சம் ஆக்சிஜன் கலந்த அறைக்காற்று.

மூச்சை உள்ளே இழுக்கும் நேரத்தில் சாதாரணமாகவே நிமிடத்துக்கு 30 லிட்டர் வேகத்தில் காற்று உள்ளே போகிறது. வலியில் துடிப்பவர் இன்னும் வேகமாக இழுப்பார். மூக்குக் குழாயில் 2 லிட்டர் விட்டால் மிச்சமெல்லாம் அறைக்காற்றுதான். நுரையீரலுக்குப் போவது 28 சதவீதத்தை ஒட்டிய ஆக்சிஜன். 5 லிட்டர் விட்டாலும் 40 சதவீதத்தைச் சுற்றித்தான் நிற்கும். நமக்கு வேண்டியதோ நூறுக்கு எவ்வளவு பக்கத்தில் போக முடியுமோ அவ்வளவு. அதற்கு அடியில் பை தொங்கும் நான்-ரீபிரீதர் மாஸ்க் வேண்டும். அதில் நிமிடத்துக்கு 12 முதல் 15 லிட்டர் ஓட வேண்டும். மாஸ்க் முகத்தில் இடைவெளி இல்லாமல் படிய வேண்டும். மூன்றில் ஒன்று தவறினாலும் மற்ற இரண்டும் வீண்.

ஆக்சிமீட்டர் விஷயமும் இதோடு சேர்ந்ததுதான். கொரோனாவுக்குப் பிறகு ஆக்சிஜன் என்றாலே சாச்சுரேஷன் குறைந்தவருக்குக் கொடுப்பது என்று எல்லார் மனதிலும் பதிந்துவிட்டது. கொத்துத் தலைவலிக்காரருக்கு ரத்தத்தில் ஆக்சிஜன் குறைவதில்லை. அவருக்கு அது வலியை நிறுத்தும் மருந்து. அந்தச் செறிவில் போகும்போது மூளையின் ரத்தக்குழாய்கள் சுருங்குகின்றன. கண்ணீரையும் மூக்கடைப்பையும் கிளப்பிவிடும் நரம்புப் பாதை அடங்குவதை விலங்குச் சோதனைகளில் பார்த்திருக்கிறார்கள். விரலில் 98 காட்டினாலும் 100 காட்டினாலும் இந்தச் சிகிச்சைக்கும் அந்த எண்ணுக்கும் சம்பந்தமே இல்லை.

இது நேற்று முளைத்த வைத்தியமும் அல்ல. அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் பேயார்ட் ஹார்ட்டன் 1950களிலேயே இதைப் பற்றி எழுதியிருக்கிறார். 1981இல் லீ குட்ரோ நிமிடத்துக்கு 7 லிட்டர் வீதம் 15 நிமிடம் கொடுத்து நல்ல பலன் கண்டார். அந்த 7 லிட்டர் பல புத்தகங்களில் அப்படியே தங்கிவிட்டது. இன்றும் சில டாக்டர்கள் அதைத்தான் எழுதுகிறார்கள். சிலருக்கு 7 போதும். போதாதவர்கள்தான் ஏராளம். 2009இல் லண்டனில் கோஹன், பர்ன்ஸ், கோட்ஸ்பி மூவரும் வெளியிட்ட ஆய்வில் 12 லிட்டர் கொடுத்தார்கள். ஆக்சிஜன் இழுத்ததில் 15 நிமிடத்துக்குள் வலி நீங்கியது 78 சதவீதம். எது எதுவென்று தெரியாமல் வெறும் காற்றை இழுத்ததில் 20 சதவீதம்.

எனக்கு இன்றும் ஆற்றாமையாக இருப்பது அந்த ஒரு ராத்திரி வலிக்காக இல்லை. "ஆக்சிஜன் கொடுத்தோம், பலனில்லை" என்று ஃபைலில் ஒரு வரி ஏறிவிடுகிறது. அடுத்து பார்க்கும் டாக்டர் அதைப் படித்துவிட்டு ஆக்சிஜனைப் பற்றிப் பேசுவதே இல்லை. நோயாளியும் ஊரெல்லாம் அதையே சொல்கிறார். பக்கவிளைவு ஏறத்தாழ இல்லாத ஒரு மருந்து, சரியாக ஒரு தடவைகூடக் கொடுக்கப்படாமலே, ஒரு மனிதரின் வாழ்க்கையிலிருந்து எடுக்கப்பட்டுவிடுகிறது. அட்டாக்குகள் தொடர்ந்து வரும் அடுத்த சீசனில் அவர் வலி மாத்திரையை விழுங்கிக்கொண்டு சுவரில் தலையை முட்டிக்கொள்கிறார். இதைக் கேட்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வரத்தான் செய்கிறது.

அந்தத் தம்பிக்கு அவருடைய நரம்பியல் மருத்துவரிடம் சீட்டு எழுதி வாங்கச் சொன்னேன். வாடகை சிலிண்டர், 15 லிட்டர் ஃப்ளோ மீட்டர், பை வைத்த மாஸ்க். முதல் தடவையே கால் மணி நேரத்துக்குள் வலி இறங்கிவிட்டது. அவர் போனில் பேசவில்லை, அழுதார்.

சீட்டில் என்ன இருக்க வேண்டும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். நோயின் பெயர், 100 சதவீத ஆக்சிஜன், நிமிடத்துக்கு 12 முதல் 15 லிட்டர், நான்-ரீபிரீதர் மாஸ்க், 15 முதல் 20 நிமிடம், சாச்சுரேஷன் சரியாக இருந்தாலும் கொடுக்கவும். கடைசி வரியை டாக்டரிடம் கேட்டு எழுதி வாங்குங்கள். போட்டோ எடுத்து போனில் வையுங்கள், வீட்டில் ஒருவர் போனிலும் இருக்கட்டும். அட்டாக் நடுவில் கேஷுவாலிட்டியில் நின்று விளக்கம் சொல்ல யாராலும் முடியாது.

கான்சென்ட்ரேட்டர் வாங்கப் போகிறவர்கள் நிறுத்திக்கொள்ளுங்கள். வீட்டுக்கு விற்கும் மெஷின் பெரும்பாலும் 5 லிட்டர்தான் தரும். முதலில் சிலிண்டர்.

## பையைக் கவனிக்காதது

மாஸ்க்கைப் போடும் முன் பை முழுசாக உப்ப வேண்டும். உள்ளே இருக்கும் வால்வை விரலால் அழுத்திப் பிடித்தால் சீக்கிரம் நிரம்பும். மூச்சை இழுக்கும்போது பை கொஞ்சம் சுருங்கலாம், ஒட்டிப்போகக் கூடாது. ஒட்டினால் ஃப்ளோ போதவில்லை. ஃப்ளோ மீட்டரில் குண்டின் நடுப்பகுதி எந்தக் கோட்டில் நிற்கிறதோ அதுதான் அளவு. ஆக்சிஜனை ஈரமாக்கும் ஹியூமிடிஃபையர் பாட்டிலில் தண்ணீரை விளிம்புவரை ஊற்றி வைத்தால் 15 லிட்டர் வேகத்தில் அது கொந்தளித்து டியூபுக்குள் ஏறும். கால் மணி நேரத்துக்குத் தண்ணீரே தேவையில்லை. மூடி சரியாகத் திருகாமல் இருந்தால் அங்கேயே பாதி கசிந்துவிடும்.

நாடாவைத் தலைக்குப் பின்னால் இறுக்க வேண்டாம், மாஸ்க்கைக் கையால் அழுத்திப் பிடியுங்கள். வலி விட்ட களைப்பில் கண் அசந்தால் கை தளர்ந்து மாஸ்க் தானே விழும். உட்கார்ந்து, கொஞ்சம் முன்னால் குனிந்துகொண்டு இழுங்கள்.

## "இன்னும் கொஞ்சம் பார்ப்போம்" என்று காத்திருப்பது

கூடாது. மூக்கு அடைத்துக் கண் கரகரக்கத் தொடங்கியதுமே மாஸ்க்.

## வலி விட்டதும் கழற்றிவிடுவது

இன்னும் ஐந்து நிமிடம் இழுங்கள். இல்லாவிட்டால் பலருக்குத் திரும்பி வருகிறது.

## சிலிண்டர் கணக்குப் பார்க்காதது

15 லிட்டர் வீதம் 15 நிமிடம் என்றால் ஒரு அட்டாக்குக்கு 225 லிட்டர். நம் ஊரில் பி டைப் சிலிண்டரில் ஏறக்குறைய 1500 லிட்டர் இருக்கும். ஆறு அட்டாக்கில் தீர்ந்துவிடும். ஆளுயர டி டைப்பில் 7000 லிட்டர். முப்பது அட்டாக்வரை தாங்கும். தினம் மூன்று நான்கு என்று வரும் சீசனில் பி டைப் ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு படுக்கப் போனால் இரண்டாம் நாள் ராத்திரியே தீர்ந்துபோகும். நிரப்பிக் கொடுப்பவர் இரவு இரண்டு மணிக்குக் கதவைத் திறக்க மாட்டார். டி டைப் ஒன்று படுக்கையறையில், பி டைப் ஒன்று வெளியூருக்கும் அவசரத்துக்கும் என்று வைத்துக்கொள்வது நல்லது. தினம் தூங்கப் போகும் முன் கேஜைப் பாருங்கள். நிரம்பிய சிலிண்டர் 150 பார் அழுத்தத்தை ஒட்டிக் காட்டும்.

வெல்டிங் பட்டறை சிலிண்டர் மலிவாகக் கிடைக்கிறது என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். மருத்துவ ஆக்சிஜன் மட்டும்தான்.

## எண்ணெய், தைலம், விளக்கு

தலைவலி வந்தால் நெற்றியில் தைலம் தடவுவது நமக்குக் கை தானாகச் செய்யும் வேலை. மாஸ்க் போடப் போகிறவர் அதைச் செய்யக் கூடாது. தைலம், வாசலைன், தேங்காய் எண்ணெய் எல்லாமே செறிந்த ஆக்சிஜன் பட்டால் சுலபமாகத் தீப்பிடிக்கக் கூடியவை. சிலிண்டர் சாவி இறுகிக்கொண்டது என்று வீட்டுப் பெரியவர் ஒருவர் மரையில் எண்ணெய் விடப்போவதைத் தடுத்திருக்கிறேன். அழுத்தத்தில் வரும் ஆக்சிஜன் எண்ணெயில் பட்டால் நெருப்புக் குச்சியே தேவையில்லை. சாவியை மெதுவாகத் திறங்கள், இறுகியிருந்தால் திருப்பிக் கொடுத்து வேறு சிலிண்டர் வாங்குங்கள்.

பூஜை அறைக்குப் பக்கத்தில், அடுப்படியில், கொசுவர்த்திச் சுருள் எரியும் அறையில் சிலிண்டரை வைக்காதீர்கள். நிற்க வைத்துச் சங்கிலி போட்டுக் கட்டுங்கள். குழந்தைகள் இருக்கும் வீட்டில் இது கட்டாயம். இழுத்து முடித்த பிறகும் சட்டையிலும் போர்வையிலும் ஆக்சிஜன் கொஞ்ச நேரம் தங்கியிருக்கும். ஜன்னலைத் திறந்து வைத்து, அது போகும்வரை நெருப்புப் பக்கம் போகாதீர்கள்.

## சிகரெட்

அந்த அறையில் யாரும் பிடிக்கக் கூடாது. எப்போதுமே.

## சிலிண்டர் இருக்கிறதே என்று மாத்திரையை விட்டுவிடுவது

ஆக்சிஜன் வந்த அட்டாக்கை நிறுத்தும். அடுத்த அட்டாக்கை வராமல் தடுக்காது. அதற்கு வெராபமில் மாதிரியான மாத்திரை வேண்டும். அளவை ஏற்றும்போதெல்லாம் ஈ.சி.ஜி. எடுத்துப் பார்க்க வேண்டும், அது இதயத் துடிப்பின் தாளத்தைப் பாதிக்கக் கூடியது. அது வேலை செய்யத் தொடங்கும்வரை சில நாள் ஸ்டீராய்டு கொடுப்பார்கள், அல்லது பின்தலை நரம்பில் ஊசி போடுவார்கள். இதெல்லாம் நரம்பியல் மருத்துவரின் வேலை. மெடிக்கல் ஷாப்பில் கேட்டு வாங்குவது இல்லை.

## யாரையும் கேட்காமல் தொடங்குவது

நாள்பட்ட நுரையீரல் நோய் இருப்பவர்களில் சிலருக்கு அதிக ஆக்சிஜன் கொடுத்தால் உடம்பில் கரியமில வாயு தேங்கி மயக்கம்வரை போகலாம். நம்மில் புகை பிடித்தவர்கள் நிறையப் பேர் என்பதால் இதை லேசாக எடுத்துக்கொள்ள வேண்டாம்; முதல் சிலிண்டருக்கு முன்னால் டாக்டரிடம் நுரையீரலைப் பற்றியும் கேட்டுவிடுங்கள். வாழ்க்கையில் முதல் தடவையாக இப்படி ஒரு வலி வந்தவர் ஸ்கேன் எடுத்து வேறு கோளாறு இல்லை என்று உறுதி செய்துகொள்ள வேண்டும். பழைய நோயாளியாகவே இருந்தாலும், வலியோடு காய்ச்சல், கழுத்து விறைப்பு, கை கால் மரத்துப்போவது, பேச்சுக் குளறுவது என்று எது சேர்ந்து வந்தாலும் மாஸ்க்கைத் தேடாமல் 108ஐக் கூப்பிடுங்கள்.