கண்ணாடியில் சயனோடைப்: சென்னை வெயிலில் ஜெலட்டினை உறைய வைப்பது எப்படி?

இரும்பு உப்புகளைப் பூசி, மேலே நெகட்டிவோ பொருளோ வைத்து வெயில் காட்டி நீலப் படம் எடுக்கும் முறைதான் சயனோடைப். காகிதத்தில் அதை எடுத்துப் பழகியவர்களுக்கு அடுத்த ஆசை கண்ணாடிதான். கண்ணாடியில் ரசாயனம் ஊறாது. அதைப் பிடித்துவைக்க ஜெலட்டின் படலம் வேண்டும். குளிர்நாட்டுக்காரர்களின் குறிப்புகளில் "ஊற்றி உறைய விடவும்" என்று ஒரு வரியில் முடித்துவிடுவார்கள். தண்டையார்பேட்டையில் மே மாதம் அந்த ஒரு வரிக்குத்தான் பாடு அதிகம்.

முதலில் பொருட்கள். பச்சை வகை பெர்ரிக் அம்மோனியம் சிட்ரேட், பொட்டாசியம் பெர்ரிசயனைடு, குரோம் படிகாரம் மூன்றையும் நைனியப்ப நாயக்கன் தெரு கெமிக்கல் கடைகளில் விசாரியுங்கள். ஜெலட்டினுக்குப் புளூம் எண் கேட்டு வாங்குங்கள். ஜெல் எவ்வளவு இறுகும் என்பதை அது சொல்லும். நான் 250க்குக் குறைந்து வாங்குவதில்லை. கலர் ஜெல்லி பாக்கெட் வேண்டவே வேண்டாம், அதில் பெரும்பகுதி சர்க்கரை.

6 கிராம் ஜெலட்டினை 100 மி.லி. குளிர்ந்த நீரில் 20 நிமிடம் ஊறவிட்டு, பாத்திரத்தை வெந்நீரில் இறக்கி 50 டிகிரி வரை சூடாக்குங்கள். கொதிக்கவிட்டால் புரதச் சங்கிலிகள் அறுந்து, அப்புறம் சரியாக இறுகாது. இதில் 2 சதவீத குரோம் படிகாரக் கரைசலை 5 மி.லி., கலக்கிக்கொண்டே சொட்டுச் சொட்டாக விடுங்கள். கையுறை கட்டாயம். படலம் காய்ந்த பிறகு நீரில் கழன்றுவராமல் காப்பது இந்தக் குரோம் படிகாரம்தான். சாதாரணப் படிகாரத்தில் எனக்கு அந்த உறுதி கிடைப்பதில்லை. கலந்தபின் ஆறப்போட வேண்டாம், உடனே ஊற்றிவிடுங்கள்.

இப்போது உறைய வைப்பது. ஜெலட்டின் 25 டிகிரிக்குக் கீழே போனால்தான் நன்றாக உறையும். 35ஐ ஒட்டி உருகிவிடும். கோடையில் நம் வீட்டு அறையே அந்தச் சூட்டில்தான் இருக்கிறது. மின்விசிறியின் கீழ் எத்தனை மணி நேரம் வைத்தாலும் படலம் ஒரு பக்கமாக வழிந்துகொண்டே இருக்கும்.

அதற்கு வழி ஐஸும் கடப்பா கல்லும். காசிமேடு பக்கம் இருப்பவர்களுக்கு ஐஸுக்குப் பஞ்சமில்லை. அகலத் தட்டில் ஐஸைப் பரப்பி, மேலே கடப்பா கல்லை வைத்து, கொத்தனாரின் ரசமட்டத்தால் மட்டம் பாருங்கள். கல் நன்றாகச் சில்லிட்டதும் மேலே வேர்க்கும் ஈரத்தைத் துடையுங்கள். சோடா உப்பு போட்டுக் கழுவிய கண்ணாடியை லேசாகச் சூடாக்கி, நடுவில் ஜெலட்டினை ஊற்றி, நான்கு மூலைக்கும் ஓடவிட்டுக் கல்மேல் கிடத்துங்கள். ஐந்துக்கு ஏழு அங்குலக் கண்ணாடிக்கு 10 மி.லி. போதும். ஓரத்தைத் தொட்டால் விரலில் ஒட்டக்கூடாது, அதுவே பக்குவம். ஃபிரிட்ஜில் வைப்பதை நான் விரும்புவதில்லை: தட்டு மட்டமாக இருக்காது, வெளியே எடுத்ததும் கடற்காற்றின் ஈரம் துளித்துளியாகப் படிந்து தழும்பாகிவிடும்.

உறைந்ததைச் சாய்த்து நிறுத்தி, விசிறிக் காற்றில் காயவிடுங்கள். காலையிலேயே தொடங்குவது நல்லது. இரவில் காற்று ஈரமாக இருக்கும். ஈரம் போகாத ஜெலட்டினில் பூஞ்சை வந்துவிடும்.

மற்றது காகிதத்துக்குச் செய்வதுதான். சிட்ரேட் 25 சதவீதம், பெர்ரிசயனைடு 10 சதவீதம், இரண்டும் சம அளவு. மங்கிய வெளிச்சத்தில் ஐந்து நிமிடம் முக்கி, இருட்டில் காயவைத்து, மொட்டைமாடி வெயிலில் 15 நிமிடம் வையுங்கள்.

கழுவும்போது மறுபடி கவனம். மாடித் தொட்டித் தண்ணீர் மதியத்தில் கொதிக்கும். குழாயைத் திறந்து நேராகப் பிடித்தால் ஓரங்கள் சுருங்கி எழும்பும். விடியற்காலையில் பிடித்த நீரில் ஐஸ் போட்டு, மஞ்சள் நிறம் போகும்வரை தட்டில் மெதுவாக ஆட்டுங்கள்.

பின்சேர்க்கை: இவ்வளவு பாடுபடுவதற்கு, ஜெலட்டினுக்குப் பதிலாகக் கடல்பாசி (அகர்) போடலாமே என்று சிலர் கேட்டிருந்தார்கள். நியாயமான கேள்வி. ஜெர்மன் கிருமியியல் அறிஞர் ராபர்ட் கோக்கின் ஆய்வகத்தில் கிருமி வளர்க்க வைத்த ஜெலட்டின் சூட்டில் உருகிக்கொண்டிருந்தபோது, 1881இல் அங்கே வேலை பார்த்த வால்தர் ஹெஸ்ஸேயின் மனைவி ஃபேனி ஹெஸ்ஸே தன் சமையலறை அனுபவத்திலிருந்து சொன்ன மாற்று அதுதான். அகர் உருக 85 டிகிரி வேண்டும். ஆனால் அது புரதம் இல்லை, குரோம் படிகாரம் அதை இறுக்காது. காய்ந்ததும் கண்ணாடியிலிருந்து உரிந்து வரும். கிருமி வளர்க்க அகர், படத்துக்கு ஜெலட்டின்தான்.