பழைய ஃபுட்டேஜை ஆவணப்படத்தில் சேர்க்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

1930 தண்டி யாத்திரைக் காட்சிகளைப் பயன்படுத்தும் பல படங்களில் காந்தி ஏறக்குறைய ஓடுகிறார். அவர் வேகமாக நடப்பவர்தான். ஆனால் ஊமைப்பட கேமராவில் பெரும்பாலும் விநாடிக்கு 16 முதல் 18 ஃப்ரேம்தான் பதிவாகும். அதை விநாடிக்கு 24 ஃப்ரேம் ஓடும் எடிட்டிங் டைம்லைனில் அப்படியே போட்டால் நடை ஒன்றரை மடங்கு வரை வேகமாகிவிடும். உப்பெடுக்கப் போனவர்களைக் கோமாளிகளாக்கிவிடும் தவறு இது.

முதலில் கிளிப்பை ஃப்ரேம் ஃப்ரேமாக நகர்த்திப் பாருங்கள். ஏற்கெனவே யாராவது சில ஃப்ரேம்களை இரட்டித்திருந்தால் அவற்றை நீக்குங்கள். பிறகு கிளிப்பின் வேகத்தை 16 என்று அமையுங்கள். 2 ஃப்ரேம் 3 ஆகி 24-இல் சரியாகப் பொருந்தும். 18 என்றால் 3 ஃப்ரேம் 4 ஆகும். கையால் சுழற்றிய கேமராவில் ஒரே ஷாட்டுக்குள்ளேயே வேகம் ஏறி இறங்கும். அதனால் கொட்டும் தண்ணீரையும் கீழே விழும் பொருளையும் பார்த்து முடிவு செய்யுங்கள். இல்லாத ஃப்ரேம்களை மென்பொருளே உருவாக்கி நிரப்பும் வசதி வேண்டவே வேண்டாம். கூட்டக் காட்சிகளில் கைகால்கள் குழைந்துபோகும். கேமரா பார்க்காத ஒன்று ஆவணத்துக்குள் நுழைந்துவிடும்.

தொலைக்காட்சி டேப்புகளில் சிக்கல் வேறு. நம் ஊர் பால் (PAL) ஒளிபரப்பு முறையில் ஒரு ஃப்ரேம் என்பது ஒன்றுவிட்டு ஒன்றான வரிகள் கொண்ட இரண்டு அரைப்படங்கள்; விநாடிக்கு 50 அரைப்படங்கள். இவற்றைப் பிரிக்காமல் 4கே-வுக்குப் பெரிதாக்கினால், அசையும் விளிம்புகளில் சீப்புப் பல் போன்ற கோடுகள் நிரந்தரமாகிவிடும். முதலில் அரைப்படங்களைப் பிரித்து முழுப்படங்களாக்கும் டீஇன்டர்லேஸ், பிறகுதான் பெரிதாக்கல். அரைப்படங்களின் வரிசை தவறினால் அசைவு முன்னும் பின்னும் துள்ளும். DV எனும் டிஜிட்டல் வீடியோ வகை டேப்புகளில் கீழ் அரைப்படம்தான் முதலில் வரும்.

அகலம் 4, உயரம் 3 என்ற 4:3 காட்சியை அகலத்திரையான 16:9-க்கு வெட்டினால் உயரத்தில் கால்வாசி போய்விடும். மேடைப் பேச்சு என்றால் தலையோ மைக்கோ காணாமல் போகும். பக்கங்களில் கறுப்புப் பட்டை இருந்துவிட்டுப் போகட்டும்.

ஒரு கலவரத்தைப் பற்றிப் பேசும்போது வேறு ஆண்டின் கலவரக் காட்சியை ஓட்டாதீர்கள். பொருத்தமான காட்சி கிடைக்காவிட்டால் நாளிதழ் பக்கத்தைக் காட்டுங்கள், அல்லது காட்சியின் உண்மையான இடத்தையும் ஆண்டையும் திரையில் எழுதுங்கள்.

உரிமையில் பலர் சறுக்குவது பாடல் விஷயத்தில்தான். இந்தியச் சட்டப்படி திரைப்படத்துக்கு, வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டுத் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள் பதிப்புரிமை. 1962-இல் வந்த படத்துக்கு அது 2022 இறுதியோடு முடிந்தது. ஆனால் அதில் உள்ள பாடல் வரிகளுக்குக் கவிஞர் மறைந்த பிறகும் 60 ஆண்டுகள் உண்டு. கண்ணதாசன் 1981-இல் மறைந்தார். அவர் எழுதிய வரிகள் 2041 இறுதிவரை பாதுகாப்பில் இருக்கும். திரைவிழாவுக்கு மட்டும் உரிமம் வாங்கிவிட்டு ஓடிடி-க்குப் படத்தை விற்றால் மறுபடி பணம் கட்ட வேண்டிவரும். ஊடகம், நாடுகள், காலம் மூன்றையும் ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள்.

காப்பகம் பார்வைக்குத் தரும், முத்திரை பதித்த வாட்டர்மார்க் பிரதியை வைத்து எடிட் செய்யும்போது கோப்பின் பெயரை மாற்ற வேண்டாம். ரீல் எண்ணையும் தொடக்க, முடிவு டைம்கோடுகளையும் (காட்சியின் நேர எண்கள்) ஒரு தாளில் குறித்துக்கொண்டே வாருங்கள். முத்திரை இல்லாத மாஸ்டர் பிரதியை வாங்கும்போது இரு முனைகளிலும் ஒரு விநாடி கூடுதலாகக் கேளுங்கள். கடைசி நேரத்தில் ஒரு காட்சி கரைந்து அடுத்தது தோன்றும் டிசால்வ் போட அந்த 24 ஃப்ரேம்தான் கைகொடுக்கும்.