களைத்துப் போன குதிரை பழகிய குதிரை அல்ல

ஆடி மாதம் அந்தியூர் குருநாதசாமி கோயில் சந்தை முடிந்த கையோடு எனக்குப் போன் வரத் தொடங்கிவிடும். காத்தியவாரி இனக் குதிரையோ மார்வாரி இனக் குதிரையோ வாங்கிப் போனவர்கள், பந்தயத்திலிருந்து விலக்கிய குதிரையைக் குறைந்த விலைக்குப் பிடித்தவர்கள், பிள்ளைக்காக மட்டக்குதிரை வாங்கியவர்கள் என்று ஆள் மாறும், பேச்சு மாறாது. "சந்தையில நல்லாத்தானுங்க நின்னது. இங்க வந்ததுல இருந்து சொன்னா கேக்க மாட்டேங்குதுங்க." போய்ப் பார்த்தால் எங்கேயும் அதே சில தவறுகள்தான். அவற்றில் பாதி, நானும் ஒரு காலத்தில் செய்தவை.

பின்னங்காலுக்கு நேர் பின்னே நிற்கக் கூடாது, ரப்பர் செருப்போடு குதிரையைப் பிடிக்கக் கூடாது, பக்கத்தில் நின்று கத்தக் கூடாது என்பதெல்லாம் எல்லாருக்கும் தெரியும். அவற்றை விட்டுவிடுகிறேன். முதுகில் ஏறுவதற்கு முன்னால், தரையில் நின்று பழக்கும் நாட்களில் நடப்பவற்றை மட்டும் பார்ப்போம்.

அழுத்தத்தை எடுக்கத் தெரியாமல் இருப்பது

குதிரையைப் பின்னால் நகர்த்த நெஞ்சில் விரலை வைத்து அழுத்துகிறீர்கள். முதலில் அது உங்கள் மேலேயே சாயும். அப்புறம் எடையைக் கொஞ்சம் பின்னங்காலுக்கு மாற்றும். கால் இன்னும் நகர்ந்திருக்காது, உடம்பு மட்டும் பின்னே போயிருக்கும். விரலை எடுக்க வேண்டிய நேரம் அதுதான். புதிதாகப் பழக்குகிறவர் என்ன செய்வார்? "வருது வருது, இன்னும் ரெண்டு அடி" என்று சேர்த்து அழுத்துவார். கேட்டதைச் செய்து பார்த்தும் தொல்லை தீரவில்லை என்றால் குதிரை வேறு வழி தேடும். முன்னே தள்ளும், தலையைத் தூக்கும், கடிக்கப் பார்க்கும்.

இதன் மறுபக்கம் இன்னும் மோசம். குதிரை முன்னங்கால்களைத் தூக்கி எழும்புகிறது, பிடித்திருப்பவர் பயந்து கயிற்றைத் தளர்த்துகிறார். எழும்பினால் விட்டுவிடுவார்கள் என்ற பாடம் அங்கே பிரமாதமாக நடந்து முடிந்துவிட்டது. குதிரை கற்றுக்கொள்வது, அழுத்தம் விலகும் அந்த ஓரிரு நொடியில். எதைச் செய்தபோது விலகியதோ, அதைத்தான் மறுபடி செய்யும்.

அதன் பார்வை எவ்வளவு நுட்பம் என்பதற்கு ஒரு பழைய கதை உண்டு. 1900களின் தொடக்கத்தில் பெர்லினில் ஹான்ஸ் என்ற குதிரை குளம்பைத் தட்டிக் கணக்குக்கு விடை சொல்லிப் பெரும் பெயர் வாங்கியது. உளவியலாளர் ஓஸ்கார் ஃபுங்ஸ்ட் அதைச் சோதித்து 1907இல் முடிவை வெளியிட்டார். சரியான எண் வந்ததும் கேள்வி கேட்டவரின் தலை தன்னையறியாமல் மிக லேசாக அசைந்தது, அதைப் பார்த்துக் குதிரை தட்டுவதை நிறுத்தியது, அவ்வளவுதான். அசைந்தவருக்கே தெரியாத அசைவைப் படிக்கிற பிராணியின் கயிற்றில்தான் நாம் இரண்டு கையாலும் தொங்கிக்கொண்டிருக்கிறோம்.

கயிற்றைக் கையில் சுற்றிக்கொள்வது

வேண்டாம். விரல் போய்விடும்.

ஓடவிட்டுக் களைப்பாக்கி அடக்குவது

இத்தனை வருடம் கழித்தும் இதைப் பார்த்தால் எனக்கு எரிச்சல் வருகிறது. மற்ற தவறுகளைத் திருத்திக்கொள்ளலாம். இது காசையும் தின்னும், குதிரையின் காலையும் தின்னும்.

ஈரோட்டுப் பக்கம் ஒரு தோட்டத்துக்குக் கூப்பிட்டிருந்தார்கள். தென்னைகளுக்கு நடுவே செம்மண்ணில் ஆழமாகத் தடம் விழுந்த ஒரு சின்ன வட்டம். நடுவில் சவுக்கோடு ஒரு தம்பி. நீளக்கயிற்றின் மறுமுனையில் இரண்டரை வயது மார்வாரி ஆண் குட்டி, தொடைகளுக்கு நடுவே வெள்ளை நுரை தள்ள, தலையை வெளிப்பக்கம் திருப்பியபடி நாலுகால் பாய்ச்சலில் ஓடிக்கொண்டிருந்தது. "இன்னும் பத்து நிமிசங்கண்ணா, அப்புறம் பசு மாதிரி நிப்பான்" என்றார் தம்பி. நின்றதும் உண்மை. தலை தொங்கி, விலா ஏறி இறங்க, யார் தொட்டாலும் அசையாமல் நின்றது. வீட்டார் முகத்தில் திருப்தி.

நான் கேட்டது ஒன்றுதான். வாங்கி வந்த புதிதில் எவ்வளவு நேரம் ஓடினால் இப்படி நின்றது? கால் மணி நேரமாம். இப்போது? முக்கால் மணி தாண்டுகிறதாம். போகப் போக முரட்டுத்தனம் கூடுகிறது, அதனால்தான் என்னைக் கூப்பிட்டார்களாம்.

அந்தக் குட்டிக்கு முரட்டுத்தனம் கூடவில்லை, தெம்பு கூடியிருந்தது. பந்தயக் குதிரைக்குப் பயிற்சி கொடுப்பவர்கள் மாதக்கணக்கில் பாடுபட்டு ஏற்றும் தெம்பை இவர்கள் தினமும் காலையில் இலவசமாக ஏற்றிவிட்டிருந்தார்கள். இதயமும் நுரையீரலும் சில வாரங்களில் உழைப்புக்குப் பழகிவிடும். தசைநாரும் எலும்பும் அதே பளுவுக்கு இறுக மாதங்கள் பிடிக்கும். ஆகவே நெஞ்சு இன்னும் ஓடலாம் என்கிறது, கால் அதற்குத் தயாராக இல்லை. அதுவும் இரண்டரை வயதில்! முன்னங்கால் முழங்காலுக்கு மேலே உள்ள வளர்ச்சித் தட்டு, அதாவது எலும்பு நீளும் குருத்துப் பகுதி, அந்த வயதை ஒட்டித்தான் இறுகி மூடும். முதுகெலும்பு முழுசாக இறுக ஐந்து வயதைத் தாண்டிவிடும்.

வட்டம் இதை இன்னும் கெடுக்கிறது. நேர்க்கோட்டில் ஓடும்போது இரண்டு பக்கமும் ஏறக்குறைய சமமாகப் பங்கிட்டுக்கொள்ளும் எடை, வட்டத்தில் சாய்ந்து மூட்டுகளை ஒருபக்கமாக அழுத்துகிறது. வட்டம் சிறுக்கச் சிறுக்க, வேகம் கூடக் கூட, தரை கெட்டிப்பட கெட்டிப்பட அழுத்தம் ஏறும். அந்தக் குட்டியின் இடது முன்னங்காலில், முழங்காலுக்குக் கீழே உட்பக்கம் விரலை ஓட்டிப் பார்த்தேன். சூடாக ஒரு முடிச்சு இருந்தது, அழுத்தியதும் காலை வெடுக்கென்று இழுத்துக்கொண்டது. நடு எலும்புக்கும் பக்கத்தில் உள்ள மெல்லிய எலும்புக்கும் இடையே வரும் வீக்கம் அது. இளங்குதிரைக்கு இப்படி வட்டமடித்தால் எளிதில் வரும். மருத்துவர், எக்ஸ்ரே, மாதக்கணக்கில் ஓய்வு, அந்த மாதங்களுக்கும் தீவனம். வலி போனாலும் முடிச்சு பெரும்பாலும் தங்கிவிடும். சந்தையில் விவரமான ஆள் சுழி பார்த்து முடித்ததும் அடுத்துக் கையை வைப்பது காலில்தான், விலை அங்கேயே இறங்கிவிடும். (சுழியைப் பார்க்கும் நேரத்தையும் காலுக்கே கொடுத்தால் நல்லது என்பது என் கட்சி. சொன்னால் சண்டைக்கு வருவார்கள்.)

சரி, கால் தப்பியது என்றே வைத்துக்கொள்வோம். குதிரை எதைக் கற்றது? பயந்து ஓடுவதுதான் அதன் இயற்கை. மனிதன் நடுவில் நிற்க, சவுக்கு அசைய, ஓடு ஓடு என்று விரட்டினால், ஆள் பக்கத்தில் இருந்தாலே பதற வேண்டும் என்பதைத் தினமும் ஒத்திகை பார்க்கிறது. எந்த இடத்தில் எதைச் செய்தால் அழுத்தம் விலகும் என்ற குறிப்பு இதில் எங்குமே இல்லை. கடைசியில் மூச்சு வாங்கும்போதுதான் விடுகிறார்கள். அப்போது நிற்பது அடக்கம் அல்ல, முடியாமை. ராத்திரி ஓய்வெடுத்து, கொள்ளு தின்று, விடிந்ததும் பழைய குதிரையாகத்தான் வெளியே வரும்.

நம் வெயிலையும் கணக்கில் சேருங்கள். குதிரையின் வியர்வையில் உப்பு அதன் இரத்தத்தில் உள்ளதைவிட அதிகம். வெயிலில் கடுமையாக ஓடினால் மணிக்கு 10 லிட்டருக்கு மேல்கூட வியர்வை போகும். தண்ணீர் மட்டும் காட்டி, உப்பு வைக்காமல் விட்டால் மறுநாளும் சோர்ந்தே நிற்கும். சும்மா நிற்கும் வளர்ந்த குதிரைக்கு நாடி நிமிடத்துக்கு 28 முதல் 44 வரை. வேலை முடிந்து கால் மணி நேரம் கழித்தும் 60க்குக் கீழே இறங்கவில்லை என்றால் அளவு மீறிவிட்டீர்கள். இரண்டு நாள் லாயத்தில் கட்டிப்போட்டு, தானியத்தைக் குறைக்காமல் கொட்டி, மூன்றாம் நாள் திடீரென்று ஓட்டினால் இடுப்புத் தசை இறுகி நின்ற இடத்திலேயே நின்றுவிடும். சிறுநீர் காப்பி நிறத்தில் வந்தால் நடத்தக்கூடக் கூடாது. அங்கேயே நிறுத்தி மருத்துவரைக் கூப்பிட வேண்டும்.

நீளக்கயிற்றில் வட்டம் விடுவதே தப்பு என்று சொல்ல வரவில்லை. ரைடிங் பள்ளிகளில் லஞ்சிங் என்பார்கள், நல்ல கருவி. 8 மீட்டர் கயிற்றோடு நட்டுவைத்த கம்பம்போல் நின்றால் குதிரைக்குக் கிடைப்பது 16 மீட்டர் விட்டமுள்ள வட்டம். நீங்களும் சின்னதாக ஒரு வட்டம் நடந்தால் 20 மீட்டர் கிடைக்கும், அது போதுமான அளவு. கயிறு அதன் தலையை நோக்கி, சவுக்கு பின்பகுதியை நோக்கி, நீங்கள் வயிற்றுக்கு நேரே. பின்பகுதியை நோக்கி ஓரடி வைத்தால் முன்னே போகும், தோள்பட்டைக்கு முன்னால் ஓரடி வைத்தால் மெதுவாகும். பெரும்பாலும் நடையும் துள்ளு நடையும்தான், பாய்ச்சல் வேண்டாம். நட, நில், மறுபடி நட, பக்கம் மாறு. சொன்னதும் நின்றால் சவுக்கைத் தாழ்த்தி, பார்வையை எடுத்து, சும்மா இருங்கள். பத்து, பதினைந்து நிமிடம் தாண்ட வேண்டிய அவசியமே இல்லை.

உடம்பில் துள்ளல் அதிகம் என்றால் அதற்கான காரணம் தீவனத் தொட்டியிலும் கட்டுக்கயிற்றிலும் இருக்கும். நாள் முழுக்க ஆறடிக்கு ஆறடி இடத்தில் கட்டி வைத்துவிட்டு, கொள்ளையும் தவிட்டையும் குவித்துவிட்டு, அரை மணி நேரம் வெளியே கொண்டுவந்தால் எந்தக் குதிரை அமைதியாக நடக்கும்? தானியத்தைக் குறைத்து வைக்கோலையும் புல்லையும் கூட்டுங்கள். வேலி போட்ட இடத்தில் சில மணி நேரம் அவிழ்த்துவிடுங்கள். அந்தத் தோட்டத்தில் நான் சொன்னது இவ்வளவுதான். இதற்கா காசு கொடுத்துக் கூப்பிட்டோம் என்று பெரியவர் முகம் சுளித்தார்.

வாயை மென்றால் பாடம் புரிந்துவிட்டது என்று நம்புவது

யூடியூபில் வட்ட வேலிக்குள் குதிரையை விரட்டி, அது உதட்டை நக்கி மென்றதும் "ஒத்துக்கொண்டது" என்பார்கள். பதற்றம் தணியும்போது குதிரை அப்படிச் செய்வது உண்டு. அப்படியானால் முதலில் பதற வைத்தது யார்?

எதிரே நின்று இழுப்பது

வண்டியில் ஏறாத குதிரை, லாயத்தை விட்டு வராத குதிரை. நேர் எதிரே நின்று, கண்ணைப் பார்த்து, உடம்பின் முழு எடையையும் போட்டு இழுப்பார்கள். நானூறு கிலோவோடு கயிறிழுக்கும் போட்டி. நெற்றிக்கு நேர் முன்னே இருப்பது அதற்குச் சரியாகத் தெரியாது, எதிரே நிற்கும் உடம்போ வராதே என்றுதான் சொல்கிறது. தோள்பட்டைப் பக்கம் வாருங்கள், அது போக வேண்டிய திசையைப் பாருங்கள், கயிற்றில் லேசான இழுப்பைக் கூட்டாமல் குறைக்காமல் வைத்துக் காத்திருங்கள். ஓரடி வந்ததும் தளர்த்துங்கள். அப்படியும் வராவிட்டால் பக்கவாட்டில் ஓரடி இழுங்கள், சமநிலை மாறி, கால் தானாக நகரும்.

இடது பக்கமே பழகுவது

பிடிப்பது இடப்பக்கம், சேணம் கட்டுவது இடப்பக்கம், ஏறுவதும் இடப்பக்கம். இடுப்பில் வாள் தொங்கிய காலத்து வழக்கம், வாள் போயும் வழக்கம் போகவில்லை. இடப்பக்கம் பார்த்துப் பழகிய பிளாஸ்டிக் பையை வலப்பக்கம் காட்டினால் புதுப் பேயைக் கண்டதுபோல மிரளும் குதிரைகள் உண்டு. எதைக் கற்றுக்கொடுத்தாலும் மறுபக்கமும் முதலிலிருந்து செய்யுங்கள். அலுப்பாகத்தான் இருக்கும்.

வெல்லக்கட்டி

ஆண் குட்டிக்கு உள்ளங்கையில் வைத்துக் கொடுக்கவே வேண்டாம். தொட்டியில் போடுங்கள்.

கடிவாளத்தில் கட்டிவைப்பது

ஒரு முறை பின்னே இழுத்தால் நாக்கு கிழியும். கட்டுவதற்கு வாயில் கம்பி இல்லாத தலைவார், அதாவது ஹால்டர், அதுவும் ஒரே இழுப்பில் அவிழும் முடிச்சோடு.

வெறும் வயிற்றில் வேலை வாங்குவது

வயிறு நிறைந்திருந்தால் ஓடாது என்று காலைத் தீவனத்தை நிறுத்திவிட்டுப் பயிற்சிக்குக் கொண்டுவருவார்கள். தானியத்தை நிறுத்துவது சரி, புல்லை நிறுத்துவது தவறு. குதிரையின் வயிற்றில் அமிலம் தின்றாலும் தின்னாவிட்டாலும் சுரந்துகொண்டே இருக்கும். காலி வயிற்றோடு ஓடும்போது அது மேலே தெறித்து, பாதுகாப்பில்லாத மேல்பகுதியைப் புண்ணாக்கும். சேணவார் இறுக்கும்போது கடிக்க வருகிற குதிரைகளில் சிலவற்றுக்கு இதுதான் நோவு. வேலைக்கு முன் ஒரு கை வைக்கோல் போட்டால் போதும்.

வலியைத் திமிர் என்று எடுத்துக்கொள்வது

நேற்று வரை இடப்பக்கம் திரும்பிய குதிரை இன்று திரும்பவில்லை என்றால் சவுக்கை எடுக்கும் முன் வாயைத் திறந்து பாருங்கள். கடைவாய்ப் பல்லின் வெளி விளிம்பு கூராகிக் கன்னத்தைக் குத்திக்கொண்டிருக்கும். மூன்று, நான்கு வயதில் பால்பல் விழுந்து முளைக்கும் நேரமாகவும் இருக்கலாம். பல்லை வருடத்துக்கு ஒரு முறையாவது ராவிவிடத் தெரிந்த கால்நடை மருத்துவரைக் கண்டுபிடித்து வைத்துக்கொள்ளுங்கள், நம் பக்கம் அவர்கள் அதிகம் பேர் இல்லை. குளம்பைச் சீவுவது ஆறிலிருந்து எட்டு வாரத்துக்கு ஒரு முறை. லாடக்காரர் வந்துபோன அன்றைக்குப் பழக்க வேலை எதுவும் வேண்டாம். ஆணி நெருக்கி இறங்கியிருந்தால் மறுநாள் நடையிலேயே தெரிந்துவிடும்.