1950 ஓக்லஹோமா பருவத்தை எழுதுவோர் இடறும் இடங்கள்

அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தின் பழைய பருவங்களைப் பற்றித் தமிழில் எழுதத் தொடங்கியிருக்கும் சிலர், தங்கள் கட்டுரைகளைப் பார்த்துத் தருமாறு எனக்கு அனுப்புவதுண்டு. அண்மையில் 1950ஆம் ஆண்டின் ஓக்லஹோமா பல்கலைக்கழக அணியைப் பற்றி இருவர் தனித்தனியே எழுதியனுப்பினார்கள். ஒருவரையொருவர் அறியாத அவ்விருவரும், பல ஆண்டுகளுக்கு முன் நான் விழுந்த அதே பள்ளத்தில் விழுந்திருந்தார்கள். பெயர்களின் எழுத்துப்பிழையையும், இந்த ஆட்டத்தை நாம் ஆடும் கால்பந்தோடு குழப்புவதையும் இங்கே பேசப்போவதில்லை. அவற்றை எந்த வாசகரும் சுட்டிக்காட்டிவிடுவார்.

மகுடம் சூட்டப்பட்ட நாள்

பட் வில்கின்சன் பயிற்றுவித்த அந்த அணி, 1950 பருவத்தின் வழக்கமான பத்து ஆட்டங்களிலும் வென்றது. வழக்கமான பருவம் முடிந்தபின் அழைக்கப்பட்ட அணிகள் மட்டும் ஆடுவது பௌல் ஆட்டம்; 1951 ஜனவரி 1 அன்று நியூ ஆர்லியன்ஸில் நடந்த சுகர் பௌல் ஆட்டத்தில், பேர் பிரையன்ட் பயிற்றுவித்த கென்டக்கி அணியிடம் 13-7 என்ற கணக்கில் தோற்றது. ஆவணங்களில் இப்பருவம் ஒரே வரியாகக் கிடைக்கும்: பத்து வெற்றி, ஒரு தோல்வி, தேசியச் சாம்பியன். சாம்பியனை அன்று முடிவுசெய்தது இறுதியாட்டம் அல்ல, வாக்கெடுப்பு.

என் கைக்குக் கிடைத்ததும் அந்த ஒரு வரிதான். அதை நம்பி, தோற்ற அணிக்கு மகுடம் சூட்டியது எப்படி என்று ஒரு விளையாட்டு இதழுக்கு நான்கு பக்கம் எழுதினேன். வில்கின்சனின் புகழில் மயங்கிய வாக்காளர்கள், கென்டக்கியின் வெற்றியைக் கண்ணாரக் கண்ட பிறகும் அதைப் புறக்கணித்துவிட்டார்கள் என்பது என் வாதம். பாரபட்சம், தெற்கத்திய அணிகள் மீதான இளக்காரம் என்று காரணங்களையும் நானே கற்பித்து அடுக்கியிருந்தேன். இதழ் வெளிவந்த பத்தாம் நாள், ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவரிடமிருந்து அஞ்சலட்டை வந்தது. அதில் ஒரே ஒரு கேள்வி இருந்தது: வாக்கெடுப்பு நடந்தது எந்தத் தேதியில்?

வாக்கெடுப்பு பௌல் ஆட்டத்துக்கு முன்பே முடிந்திருந்தது. விளையாட்டுச் செய்தியாளர்கள் வாக்களிக்கும் அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனத்தின் தரவரிசையும், பயிற்சியாளர்கள் வாக்களிக்கும் யுனைடெட் பிரஸ் தரவரிசையும் அக்காலத்தில் வழக்கமான பருவத்தின் முடிவோடு நிறைவடைந்துவிடும். ஓக்லஹோமாவை முதலிடத்தில் வைத்தவர்கள் எவருக்கும் சுகர் பௌலின் முடிவு தெரிந்திருக்க வழியில்லை. அடுத்த இதழில் திருத்தம் வெளியானது. அதற்குப் பிறகு ஏறத்தாழ ஓராண்டுக் காலம் அந்த ஆசிரியர் குழு என்னிடம் எதையும் கேட்கவில்லை. இன்றுவரை எனக்கு எரிச்சலூட்டுவது, அந்தக் கட்டுரையில் எண்கள் யாவும் சரியாக இருந்தன என்பதே. எது முன், எது பின் என்ற வரிசையை மட்டும் நான் கற்பனை செய்துகொண்டேன். அந்தக் கற்பனையின் மீது, இறந்துபோன பல செய்தியாளர்களின் நேர்மையைக் குற்றம் சாட்டினேன்.

பௌல் ஆட்டங்களுக்குக் காத்திராமல் ஏன் முடிவெடுத்தார்கள் என்பதையும் விளக்கினால்தான் வாசகருக்குக் குழப்பம் தீரும். பௌல் ஆட்டம் அன்று பருவத்தின் பகுதியாக அன்றி, நல்ல பருவத்துக்குக் கிடைக்கும் விருந்தாகவே பெரிதும் கருதப்பட்டது. சில அணிகளே அழைக்கப்பட்டன. அழைப்பை ஏற்கும் உரிமையும் எல்லோருக்கும் இல்லை. நோட்ர டேம் பல்கலைக்கழகம் 1925 ஜனவரி ஆட்டத்துக்குப் பிறகு 1969 முடியும் வரை பௌல் ஆட்டங்களில் கலந்துகொள்ளவே இல்லை. பிக் டென் என்ற பல்கலைக்கழகக் கூட்டமைப்பின் அணிகளுக்கு ரோஸ் பௌலைத் தவிர வேறெங்கும் ஆட அன்று அனுமதி இருக்கவில்லை. பலர் பங்கேற்காத ஓர் ஆட்டத்தை வைத்து எல்லோரையும் தரப்படுத்துவது முறையாகாது என்ற எண்ணத்தில் நியாயம் இருந்ததாகவே எனக்குப் படுகிறது.

ஓக்லஹோமா மட்டும் விதிவிலக்கு என்று எழுதுவது இதன் தொடர்ச்சியான பிழை. 1951இன் சாம்பியனான டென்னசி, சுகர் பௌலில் மேரிலாண்டிடம் 28-13 என்று தோற்றது. 1953இன் சாம்பியனான அந்த மேரிலாண்ட், ஆரஞ்சு பௌலில் ஓக்லஹோமாவிடமே 7-0 என்று தோற்றது. அசோசியேட்டட் பிரஸ் 1965இல் ஒருமுறையும் 1968 முதல் நிரந்தரமாகவும் இறுதி வாக்கெடுப்பை பௌல் ஆட்டங்களுக்குப் பின்னால் தள்ளியது. பயிற்சியாளர் வாக்கெடுப்பு 1974இல்தான் அவ்வழிக்கு வந்தது. ஆகவே, “தோல்வியையும் மீறிச் சாம்பியன் ஆனது” என்ற தொடர் உங்கள் கட்டுரையில் இருந்தால் அதை அடித்துவிட்டு, “சாம்பியனாக அறிவிக்கப்பட்ட பின் தோற்றது” என்று எழுதுங்கள். இரண்டு கட்டுரைகளிலும் நான் சிவப்பு மையால் அடித்த தொடர் அதுவே.

ஜனவரி எந்த ஆண்டைச் சேர்ந்தது

1951 ஜனவரியில் நடந்த ஆட்டம் 1950 பருவத்தைச் சேர்ந்தது.

பின்னால் வந்த பெயர்கள்

பருவத்தின் கடைசி வழக்கமான ஆட்டத்தில் ஓக்லஹோமா வென்றது ஓக்லஹோமா ஏ அண்ட் எம் கல்லூரியை. ஓக்லஹோமா ஸ்டேட் பல்கலைக்கழகம் என்ற பெயர் அதற்கு 1957இல்தான் வந்தது. அணி ஆடிய கூட்டமைப்பு அன்று பிக் செவன். பிக் எயிட் என்பது பின்னால் வந்த பெயர். யுனைடெட் பிரஸ் நிறுவனம் யுனைடெட் பிரஸ் இன்டர்நேஷனல் ஆனது 1958இல். புதிய பெயரைப் பழைய பருவத்தில் ஒட்டுவது, சென்னை மாநிலத்தின் 1950ஆம் ஆண்டுச் செய்தியில் தமிழ்நாடு என்று எழுதுவதைப் போன்றது.

இன்றைய விதிகளைக் கொண்டு அன்றைய முடிவை எடைபோடுதல்

டெக்சஸ் அணியை ஓக்லஹோமா 14-13 என்று வென்ற ஆட்டத்தை விவரித்த ஒருவர், டச்டவுனுக்குப் (பந்தை எதிரணியின் எல்லைக்கோட்டுக்கு அப்பால் கொண்டுசேர்ப்பது) பிறகு இரண்டு புள்ளிக்கு முயலாமல் ஒரு புள்ளி தரும் உதைக்கு ஒப்புக்கொண்டதைக் கோழைத்தனம் என்று எழுதியிருந்தார். இரண்டு புள்ளி முயற்சி 1958இல்தான் கல்லூரி ஆட்டத்துக்குள் வந்தது. அதேபோல, சமநிலையில் முடிந்த ஆட்டம் சமநிலையாகவே பதிவாகும். அதை உடைக்கக் கூடுதல் நேரம் அன்று கிடையாது.

கென்டக்கியின் உரிமைகோரல்

கென்டக்கி பல்கலைக்கழகமும் 1950இன் பட்டத்துக்கு உரிமை கோருகிறது. அது பிற்காலத்துக் கணினித் தரவரிசை ஒன்றை ஆதாரமாகக் கொண்டது. குறிப்பிடலாம், ஆனால் யார், எந்தக் காலத்தில் கணித்தது என்பதையும் அதே வாக்கியத்தில் சொல்லிவிட வேண்டும்.

31 வேறு, 47 வேறு

நியூ ஆர்லியன்ஸ் சுகர் பௌலில் அறுபட்டது, 1948இல் தொடங்கிய ஓக்லஹோமாவின் 31 தொடர் வெற்றிகள். புகழ்பெற்ற 47 தொடர் வெற்றிகள் 1953இல் தொடங்கின. 1957 நவம்பர் 16 அன்று நோட்ர டேம் 7-0 என்று வென்று அதை முடித்தது.