ஊர் சிம் அணையும் முன் மெயிலைப் பூட்டுங்கள்

வெளிநாட்டில் வந்து இறங்கியதும் உள்ளூர் சிம், வங்கிக் கணக்கு, வாடகை வீடு என்று அலைச்சல். எல்லாவற்றுக்கும் கொடுப்பது ஒரே மெயில் முகவரி. அதன் மீட்பு எண்ணாக (பாஸ்வேர்டு மறந்தால் கணக்கைத் திரும்பப் பெற ஓடிபி வரும் நம்பர்) இருப்பதோ இன்னும் ஊர் நம்பர். ரீசார்ஜ் நின்றால் அந்த நம்பர் முடங்கும், பிறகு வேறு யாருக்காவது போகும். உங்கள் ஓடிபியும் அவருக்கே போகும். பழைய சிம்மில் மெசேஜ் வரும்போதே மீட்பு எண்ணை மாற்றிவிடுங்கள். ஊர் வங்கிக் கணக்கு உள்ளவரை அந்த சிம்மையும் உயிரோடு வைத்திருங்கள்.

ஏதோ ஒரு தளத்திலிருந்து கசிந்த மெயில், பாஸ்வேர்டு பட்டியலை மென்பொருள் மூலம் மற்ற தளங்களிலும் போட்டுப் பார்ப்பதுதான் திருடர்களின் வழக்கம். எங்கும் ஒரே பாஸ்வேர்டு வைத்தவர் உடனே மாட்டுவார்.

மெயிலுக்குள் புகுந்தவன் சத்தமே காட்டமாட்டான். செட்டிங்ஸில் ஒரு ஃபில்டர் போடுவான்: 'ரென்ட்', 'டெபாசிட்' என்ற சொல் வரும் மெயிலெல்லாம் அவனுக்கு ஃபார்வர்டு ஆகும், உங்கள் இன்பாக்ஸில் தெரியாது. அட்வான்ஸ் கட்டும் நேரம் பார்த்து, வீட்டு உரிமையாளர் எழுதியதுபோல் 'வங்கிக் கணக்கு மாறிவிட்டது' என்று ஒரு மெயில் வரும். கணக்கு எண் மாறியதாக யார் எழுதினாலும், முன்பே உங்களிடம் உள்ள நம்பரில் கூப்பிட்டுக் கேளுங்கள். அந்த மெயிலில் இருக்கும் நம்பரில் வேண்டாம்.

"பாஸ்வேர்டை மாற்றிட்டேனே" என்று நம்மவர்கள் அதோடு விட்டுவிடுவதைப் பார்த்தால் ஆற்றாமையாக இருக்கிறது. பாஸ்வேர்டு மாறினாலும் ஃபில்டர் அப்படியே இருக்கும், மெயில் போய்க்கொண்டே இருக்கும். சந்தேகம் வந்தால், வைரஸ் இல்லாத கருவியிலிருந்து புது பாஸ்வேர்டு வையுங்கள், எல்லாக் கருவிகளிலிருந்தும் சைன்-அவுட் செய்யுங்கள். பிறகு ஃபில்டர், ஃபார்வர்டிங், மீட்பு எண், மீட்பு மெயில், அனுமதி பெற்ற வெளி ஆப்கள் என ஒவ்வொன்றாகத் திறந்து, நீங்கள் வைக்காததை நீக்குங்கள். பணம் போயிருந்தால் இதற்கெல்லாம் முன்பே வங்கியைக் கூப்பிடுங்கள்.

எஸ்எம்எஸ் ஓடிபியைவிட, உள்நுழையும் எண்ணைப் போனிலேயே காட்டும் ஆதென்டிகேட்டர் ஆப் நல்லது: 30 நொடிக்கு ஒருமுறை எண் மாறும், சிம்மே தேவையில்லை. ஆனால் போலித் தளத்தில் அந்த எண்ணைத் தட்டினால் அதுவும் பறிபோகும். பாஸ்கீ (பாஸ்வேர்டுக்குப் பதில் போனின் விரல்ரேகை, முகம் அல்லது பின் கொண்டு நுழையும் முறை) உண்மையான தளத்தில் மட்டுமே வேலை செய்யும் என்பதால், கிடைக்கும் இடத்தில் அதையே வையுங்கள். போன் தொலைந்தாலும் உள்ளே நுழைய மெயில் தளம் தரும் பேக்கப் கோடு எண்களைத் தாளில் எழுதி, பாஸ்போர்ட்டோடு சேர்க்காமல் தனியாகப் பூட்டி வையுங்கள்.